மாடி மீட்டர்

மாடிப்படிக்கு அடியில், ஒரே மரப்பலகையில் இரண்டு மீட்டர்கள் பக்கம் பக்கமாக இருந்தன. கீழ்வீட்டு மீட்டரின் சிவப்புப் புள்ளி, ஃபிரிட்ஜ் உறுமும்போது மட்டும் சோம்பலாகக் கண் சிமிட்டும். மாடி மீட்டரோ, குடியிருந்தவர்கள் காலி செய்து எவ்வளவோ நாளாகியும், மேலே ஒரு பல்புகூட இல்லாமலிருந்தும், ஓயாமல் சிமிட்டிக்கொண்டிருந்தது. அன்று சாயங்காலம் வீட்டுக்காரரான கணக்கு டீச்சர் புதிதாக ஒன்றைக் கவனித்தார். அவர் கிட்டே போனால் அது வேகமாகச் சிமிட்டியது, விலகி நின்றால் நிதானப்பட்டது.

வேலையில் இருந்த காலத்தில் அரை மார்க்கைக்கூட விட்டுக்கொடுக்காத மனுஷி அவர். காலி மாடிக்கு எக்கச்சக்கமாக வந்த பில்லைப் பார்த்ததும் மின் நிறுவனத்தின் மேல் நுகர்வோர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டுவிட்டார். "இந்த அம்மா மாடியில் யாரையோ திருட்டுத்தனமாகக் குடிவைத்திருக்கிறார்" என்று எதிர்த்தரப்பு வக்கீல் அத்தனை பேர் முன்னால் சொன்னபோது, டீச்சருக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. தோற்றால் அந்தப் பில்லையும் அபராதத்தையும் கட்ட இந்த வீட்டைத்தான் விற்க வேண்டும். போதாக்குறைக்கு இந்த வயதில் பொய்க்காரி என்ற பட்டம் வேறு. மேலே யாருமே இல்லை என்று சத்தியம் செய்து எழுதிக் கொடுத்தார்.

எழுதிக் கொடுத்த பிறகுதான் மாடிக்குப் போய்ப் பார்த்தார். அடைத்துக் கிடந்த அறையில் ஒரு பொட்டுத் தூசி இல்லை. சுவரோரம் தரை மட்டும், யாரோ அப்போதுதான் எழுந்து போன மாதிரி, கதகதப்பாக இருந்தது. கதவைப் பூட்டிவிட்டு இறங்கியவர் யாரிடமும் மூச்சு விடவில்லை. வெளியே சொன்னால் கேஸ் கந்தலாகிவிடும்.

மீட்டர் அவரைக் கண்டு வேகமெடுத்த அந்தச் சாயங்காலம்தான் நீதிமன்ற உத்தரவோடு நிறுவனத்து இன்ஸ்பெக்டர் வந்திருந்தார். அடுத்த வாய்தா வரை மாடி இணைப்பைத் துண்டித்து வைத்து, இரண்டு மீட்டரிலும் என்ன ஓடுகிறது என்று பார்ப்பதாக ஏற்பாடு. அவர் மாடி மீட்டரைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார்.

"யாரும் இல்லாமலா டீச்சர் இப்படி ஓடுது?"

"உங்க மீட்டர் கோளாறு. அதைக் கோர்ட்டுல சொல்லிக்கிறேன்."

"எத்தனை வீடு பார்த்திருக்கேன்! கரண்டைப் பிடுங்கினா போதும், உள்ள ஒளிஞ்சிருக்கிறவங்க தானா கீழ இறங்கி வந்துடுவாங்க." சிரித்துக்கொண்டே மாடி ஃபியூஸ் கட்டையைப் பிடுங்கிப் பையில் போட்டு, அந்த இடத்தில் சீல் ஒட்டிவிட்டுப் போனார்.

சிவப்புப் புள்ளி அணைந்தது. டீச்சருக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. வக்கீலான நாத்தனார் மகளைப் போனில் கூப்பிட்டார்.

"நின்னுடுச்சும்மா!"

"அப்பாடா! இனி கீழ் மீட்டர் எப்பவும் போல ஓடணும் அத்தை. ஒரு யூனிட் கூடினாலும், மாடிக்காரங்களைக் கீழ கொண்டுவந்து வெச்சுட்டாங்கன்னு கதை கட்டுவாங்க. ஜாக்கிரதை."

போனை வைத்தபோது வெளியே இருட்டிக்கொண்டு வந்தது. மழைக்கு முந்தைய ஈரமண் வாசனையோடு, சூடேறிய ஒயர் பொசுங்குகிற மாதிரி ஒரு நெடியும் படிக்கட்டு வழியாக மெல்ல இறங்கி வந்து கூடத்தில் தங்கியது. மேலே, பூட்டிய அறையில், தரையைத் தடவித் தடவி எதையோ தேடுகிற சத்தம் சுவரோரமாகவே ஒரு சுற்றுச் சுற்றி, கதவருகே வந்து நின்றது. பூட்டு ஒருமுறை குலுங்கியது. பிறகு வெறுங்கால்கள் படியில் இறங்கின.

டீச்சர் படிக்கட்டடிக்குப் போனார். எட்டிப் பார்த்தார். படியில் யாருமில்லை. கதவில் பூட்டு பூட்டியபடியே தொங்கியது. காலடி மட்டும் நிதானமாக இறங்கி, கடைசிப் படியில் நின்றது.

கீழ் மீட்டர் படபடவென்று சிமிட்டத் தொடங்கியது.

அந்தப் பயத்திலும் டீச்சருக்குக் கேஸ்தான் நினைவுக்கு வந்தது. யூனிட் ஏறுகிறது. ஏறவிடக் கூடாது. ஃபிரிட்ஜை நிறுத்தினார். சிமிட்டல் குறையவில்லை. மின்விசிறியை அணைத்தார். குறையவில்லை. கடைசியாகக் கூடத்து விளக்கு.

இருட்டு.

சிமிட்டல் இன்னும் வேகமாக.

கீழ்வீட்டு ஃபியூஸும் மீட்டர் இருந்த அதே பலகையில்தான். சுவரைத் தடவிக்கொண்டு போனார். பொசுங்கல் நெடி மூக்கில் ஏறியது. பக்கத்தில் கதகதப்பு. மேலே தரையில் உணர்ந்த அதே கதகதப்பு. அது அவரோடு நகர்ந்தது.

கீழ்வீட்டு ஃபியூஸ் கட்டை கைக்கு அகப்பட்டது. பீங்கான் வழவழத்தது. இறுகப் பிடித்தார். பிடுங்கினால் முடிந்தது.

இன்ஸ்பெக்டர் சொன்னது ஞாபகம் வந்தது. மேலே பிடுங்கியதும் கீழே வந்தது. கீழேயும் பிடுங்கினால்?

வேறு வழியில்லை. இழுத்தார். வரவில்லை. மறுபடி இழுத்தார்.

சிவப்புப் புள்ளி சிமிட்டியது. கட்டையின் மேல் அவருடைய விரல்கள்.

சிமிட்டியது. அந்த விரல்களின் மேல், இன்னொரு கையின் விரல்கள். நீளமாக. கதகதப்பாக. பிடுங்கவிடாமல் அழுத்திக்கொண்டு.

சிமிட்டியது. அந்தக் கைக்கு மேல், இன்னொன்று.