தோள் துணி

செவ்வாய்க்கிழமை காலை ஸ்டானிஸ்லாஸ் இடது கையால் தோசையைப் பிய்த்துத் தின்றான். பதினாறு வருஷக் குடித்தனத்தில் வெரோனிகா அதைப் பார்த்ததில்லை.

"சோத்துக்கைக்கு என்ன ஆச்சி?"

"தோள்ல சின்னக் கட்டி. தூக்க முடியல லா."

சட்டையை விலக்கிப் பார்த்தாள். வலத் தோள் மேட்டில் கொண்டைக்கடலை அளவு, நடுவில் மஞ்சள் முனை. சுற்றிலும் சிவந்த தோல் பளபளத்தது, தொட்டால் சுட்டது.

மேரு வட்டாரத்தில் ஒரு மாவுக் கிடங்கில் அவன், குரு, இன்னும் இரண்டு பேர் சேர்ந்து லோரிக்கு மூட்டை ஏற்றுகிறார்கள். நாலு பேருக்கும் ஒரே தோள் துணி. சுமக்கிற முறை மாறும்போது துணியும் ஈரத்தோடு தோள் மாறும். துவைக்கவே மாட்டார்கள். துவைத்த துணி வழுக்கும், மூட்டை சரிந்தால் முதுகு போய்விடும் என்பது அவர்கள் பயம். மூட்டை உரசிச் சிராய்த்த தோளுக்குள் நாலு உடம்பு வேர்வையும் இறங்கும்.

"குருவுக்கும் போன மாசம் வந்துச்சி. பிதுக்கினான், அஞ்சு நாள்ல காஞ்சிடுச்சி. நேத்து எனக்கும் அவன்தான் பிதுக்கி விட்டான்."

மறுநாள் பிடிவாதமாகக் கிளினிக்குக் கூட்டிப்போனாள். டாக்டரம்மா சிவப்பைச் சுற்றிப் பேனாவால் நீலக்கோடு போட்டார்.

"எல்லார் தோல்லயும் இருக்கிற கிருமிதான். உள்ள போனாத்தான் ஆபத்து. மாத்திரை சாப்பிடுங்க, வேலைக்குப் போகாதீங்க. சிவப்பு இந்தக் கோட்டைத் தாண்டினா உடனே பெரியாஸ்பத்திரி. ஒரு நிமிஷம் வீட்டுல உக்காரக் கூடாது."

வியாழன் காலை சிவப்பு கோட்டைத் தொட்டுக்கொண்டு நின்றது. அவன் வேலைக்குப் போகச் சப்பாத்தைக் காலில் மாட்டினான்.

"மூணு நாள் போகலன்னா என் எடத்துல வேற ஆளப் போட்டுருவானுங்க. தொட்டுத்தானே நிக்கிது, தாண்டலையே."

அவள் பள்ளிக்கூட கேண்டீனில் தட்டுக் கழுவப் போனாள். மூன்று மணிக்குத் திரும்பியபோது வீட்டுக் கதவு திறந்து கிடந்தது. உள்ளே காத்தாடி ஓடவில்லை, ஜன்னல்கள் சாத்தியிருந்தன, அடைத்த வெக்கையில் அழுகத் தொடங்கிய பழமும் கழுவாத இறைச்சியும் சேர்ந்தது போல ஒரு தித்திப்பு நாற்றம் நின்றது, எங்கேயோ எதுவோ கட்கட்டென்று விடாமல் அடித்துக்கொண்டிருந்தது. எலியென்று நினைத்தாள். அவன் பல்.

சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தான், கழுத்துவரை கம்பளி. விலக்கினாள்.

நீலக்கோடு நடுவில் எங்கோ கிடந்தது. சிவப்பு அதைத் தாண்டி நெஞ்சுக்கு இறங்கி, கழுத்தில் ஏறியிருந்தது.

"எப்ப தாண்டுச்சி?"

"பத்து மணிக்கு. ஒரு லோரி பாக்கி இருந்திச்சி."

குருவிடம்தான் வேன் இருந்தது. கூப்பிட்ட கால்மணி நேரத்தில் வந்துவிட்டான். பெரியாஸ்பத்திரிக்குப் போகிற வழியில், மேரு ரோட்டில் கண்டெய்னர் லோரிகள் இரண்டு பக்கமும் மதில் மாதிரி நின்றன.

"அண்ணி, பயப்படாதீங்க. எனக்கு வந்ததேதான். என்னையப் பாருங்க, எரும மாதிரி இல்ல?"

"எரும கோவிச்சுக்கும் லா," என்றான் ஸ்டானிஸ்லாஸ், கண்ணைத் திறக்காமல்.

வேன் குலுங்கிய ஒவ்வொரு தடவையும் அவன் முனகினான். அந்த முனகலைப் பிடித்துக்கொண்டு அவள் உட்கார்ந்திருந்தாள். பாலத்துக்கு முன்னால் வேன் ஒரு பள்ளத்தில் இறங்கி ஏறியது.

முனகல் இல்லை.

"வெரோ. வலி நின்னுடுச்சி."

"பாத்தீங்களா!" குரு ஸ்டியரிங்கைத் தட்டினான். "மாத்திரை வேலை செய்யுது!"

அவள் சட்டையை விலக்கினாள். சிவப்பு இல்லை. கருநீலம். கத்தரிக்காய் நிறம், தோளிலிருந்து தாடைக்குக் கீழே வரை. மேலே கருந்தண்ணீர் கட்டிய கொப்புளங்கள்.

விரல் வைத்தாள். சூடு இல்லை.

"இங்க?"

"ஒண்ணும் தெரியல."

"இங்க?"

"நல்லா அமுக்கு. சொகமா இருக்கு."

அமுக்கினாள். தோல் விரலோடு நகர்ந்தது. ஆறின பால் ஆடை போல. கீழே ஈரம். இன்னும் நகர்ந்தது.

அவன் ஜன்னல் பக்கம் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தான். குரு ஹாரன் அடித்தான். ஒரு லோரியும் நகரவில்லை. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, தாடைக்குக் கீழே நின்ற கருப்பு, காதைத் தொட்டது.