சாவி பறந்த சனிக்கிழமை

கெட்டில் கவுண்டி விமான நிலையத்தில் ஓடுபாதை ஒன்று, பெட்ரோல் பம்பு ஒன்று, ஓட்டைக் கார் ஒன்று. சுற்றிலும் கண்ணுக்கெட்டிய தூரம் நெப்ராஸ்காவின் சோளக்காடு. பெரிய விமானம் எதுவும் இங்கே வராது. சொந்தமாகக் குட்டி விமானம் வைத்திருப்பவர்கள்தான் வந்து இறங்குவார்கள். ஊருக்குள் போய்வர அந்தக் காரை அவர்கள் சும்மாவே எடுத்துக்கொள்ளலாம். திரும்பி வந்ததும் சாவியை ஆணியில் மாட்டிவிட வேண்டும், அவ்வளவுதான் சட்டம்.

ஹேட்டியின் அப்பாதான் நிலையத்தின் பொறுப்பாளர். அந்தச் சனிக்கிழமை, புல்வெட்டும் இயந்திரத்தின் பெல்ட் அறுந்துவிட்டதால் தன் சொந்த வண்டியில் டவுனுக்குக் கிளம்பினார்.

"ஒரு மணி நேரத்துல வந்துடுவேன். ஃபோன பாத்துக்கோ," என்றார்.

பதினொரு வயது ஹேட்டிக்கு இதெல்லாம் ஒரு வேலையே இல்லை.

அப்பா போன சற்று நேரத்தில் ஃபோன் அடித்தது. பண்ணைக்காரர் ஸ்வோபோடா பேசினார். அவருக்கு மூச்சு வாங்கியது.

"ஹேட்டி, என் பெட்டூனியா கன்னு போட முடியாம தவிக்கிறா. மாட்டு டாக்டர் ரமோனா விமானத்துல வந்துகிட்டிருக்காங்க. நான் இவள விட்டு நகர முடியாது. கார் இருக்குல்ல?"

"இருக்கு. நீங்க பெட்டூனியாவ பாருங்க. டாக்டர நான் அனுப்பி வைக்கிறேன்."

ஃபோனை வைத்துவிட்டு ஆணியைப் பார்த்தாள். ஆணி மட்டும்தான் இருந்தது.

கார் வாசலில் நின்றது. காருக்குள் தேடினாள், மேசைக்கு அடியில் தேடினாள். சாவி எங்கும் இல்லை. மேசைமேல் ஒரு லவங்கப்பட்டை ரொட்டி இருந்தது. அதைப் பார்த்ததும் ஹேட்டிக்குப் புரிந்துவிட்டது.

எல்வுட்! சனிக்கிழமை தவறாமல் மஞ்சள் விமானத்தில் வருவார். காரை எடுத்துக்கொண்டு ஹோட்டலுக்குப் போய் ஒரு பிடி பிடிப்பார். 'கேப்டன்' என்று அவர் செல்லமாகக் கூப்பிடும் ஹேட்டிக்கும் ஒரு ரொட்டி வாங்கி வருவார். இன்று ரொட்டியை மறக்காமல் வைத்துவிட்டு, சாவியோடு பறந்துவிட்டார். நல்ல மனிதர், ஞாபகம்தான் ஓட்டைப் பானை.

அவர் கிளம்பிக் கால் மணி நேரம் இருக்கும். பெட்டூனியாவை ஹேட்டிக்கு நன்றாகத் தெரியும். போன வருடம் அவளுடைய தொப்பியைத் தின்ற மாடு அது.

ஜன்னல் வழியே, காற்றின் திசை காட்டும் துணிக் காற்றுப்பையைப் பார்த்தாள். கம்பத்தின் உச்சியில் அது வடக்குப் பக்கமாக விறைத்து நீண்டிருந்தது. அப்படியென்றால் தெற்கிலிருந்து பலமான காற்று. எல்வுட் போனதும் தெற்கேதான்.

"எதிர்காத்துல அந்தக் கிழட்டு விமானம் ரொம்பத் தூரம் போயிருக்காது," என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். "திரும்பும்போது காத்தே தள்ளிக்கிட்டு வந்துடும்."

ரேடியோவைக் கையில் எடுத்தவள் சற்று யோசித்தாள். இதில் பேசுவது அக்கம்பக்கத்து விமானிகள் எல்லோருக்கும் கேட்கும். சாவி என்று சொன்னால் எல்வுட்டை வருடக்கணக்கில் கேலி செய்வார்களே, பாவம்.

"மஞ்சள் விமானம், இது கெட்டில் நிலையம். மிஸ்டர் எல்வுட், உங்க சட்டைப் பையக் கொஞ்சம் தொட்டுப் பாருங்க."

ரேடியோ கரகரத்தது.

"அடக் கடவுளே!"

உடனே இன்னொரு குரல் குறுக்கிட்டது. "எல்வுட், மறுபடியும் கார் சாவியா? நான் ரமோனா. அங்க ஒரு மாடு துடிச்சுக்கிட்டிருக்கு. திருப்புங்க விமானத்த!"

"திருப்பிட்டேன், திருப்பிட்டேன்!"

மூன்றாவதாக யாரோ விழுந்து விழுந்து சிரித்தார்கள். எல்வுட்டின் மானம் கப்பலேறிவிட்டது. இதற்கு மேல் ஹேட்டி என்ன செய்வாள்!

டாக்டர் ரமோனாதான் முதலில் இறங்கினார். ஹேட்டி ஓடிப்போய் மருந்துப் பெட்டியை வாங்கிக் காரில் வைத்தாள்.

"தண்ணித் தொட்டியத் தாண்டி ரெண்டாவது மண் ரோடு, டாக்டர். சிவப்புக் கொட்டகை."

அவள் சொல்லி முடிப்பதற்குள் மஞ்சள் விமானம் தரை தொட்டது. எல்வுட் குதித்து ஓடிவந்து சாவியை நீட்டினார். கார் புழுதியைக் கிளப்பிக்கொண்டு பறந்தது.

எல்வுட் பெஞ்சில் உட்கார்ந்து தலையில் கை வைத்துக்கொண்டார். "அந்த மாட்டுக்கு ஏதாவது ஆச்சுன்னா, என்னையே நான் மன்னிக்க மாட்டேன், கேப்டன்." அவருக்குக் கண் கலங்கியது. ஹேட்டி ரொட்டியைப் பிட்டுப் பாதியை அவர் கையில் வைத்தாள்.

முக்கால் மணி நேரம் கழித்து ஃபோன் அடித்தது.

"கன்னுக்குட்டி எந்திரிச்சு நின்னுடுச்சு!" என்று கத்தினார் ஸ்வோபோடா. "தாயும் நல்லா இருக்கா!"

மாலையில் காரைத் திருப்பிக் கொண்டுவந்த டாக்டர், ஸ்வோபோடா கொடுத்தனுப்பிய பரிசை ஹேட்டியிடம் தந்தார். அது பெட்டூனியாவின் பழைய கழுத்துமணி. தேங்காய் அளவு இருந்தது. ஹேட்டி அதைக் கார் சாவியோடு சேர்த்துக் கட்டினாள்.

"அருமையான யோசனை, கேப்டன்! இனிமே மறக்கவே மாட்டேன்," என்றார், அதுவரை கிளம்பாமல் காத்திருந்த எல்வுட்.

அடுத்த சனிக்கிழமை வழக்கம்போல வந்தார், சாப்பிட்டார், ரொட்டியை மேசைமேல் வைத்தார், விமானத்தை நோக்கி நடந்தார். கோட்டுப் பையில் சாவி. பைக்கு வெளியே மணி.

கண... கண... கண...

எல்வுட் நின்று சுற்றுமுற்றும் பார்த்தார்.

"கேப்டன், ஓடுபாதையில மாடு புகுந்துடுச்சு போல!"

ஹேட்டி வாய் நிறைய ரொட்டியோடு வந்து கையை நீட்டினாள்.

"மாடெல்லாம் இல்ல, மிஸ்டர் எல்வுட். சாவியக் குடுங்க."