புதைத்த இடம் பூங்கனிக்குத் தெரியும்!

"தண்ணி... ஏமானே, ஒரு மடக்கு தண்ணி..."

இன்ஸ்பெக்டர் தாணுமாலயன் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தார்.

லாக்கப்பை எட்டிப் பார்த்தார்.

காலி!

பட்டப்பகல். கதவில் பூட்டு தொங்கியது. ஆனாலும் அந்தக் குரல்... ஒரு வருஷமாக அதே குரல்!

"ஏமானே!"

துள்ளித் திரும்பினார்.

வாசலில் ஏட்டு ராஜையன். பக்கத்தில் ஓலைக் கடவப் பெட்டியை இடுப்பில் இடுக்கியபடி ஒரு பெண்.

"நாகர்கோவில் பஸ்ஸைச் சோதனை போட்டோம் ஏமானே. இவ கடவத்துல கருவாட்டுக்கு அடியில கஞ்சா! ரெண்டு சாட்சிய வச்சு மகஸர் எழுதியாச்சு. சரக்கை அரக்கு வச்சு முத்திரையும் போட்டாச்சு."

தாணுமாலயன் அவளை முறைத்தார். அவள் அழவில்லை. நடுங்கவில்லை.

"ஏட்டி, பேரென்ன?"

"பூங்கனி."

"ஆருக்க சரக்கு இது?"

"எனக்கதான்."

அவருக்கே ஆச்சரியம். 'வச்சது நீங்கதான்' என்று கத்தாத கஞ்சாக் குற்றவாளியை அவர் பார்த்ததே இல்லை!

"மிச்சம் எங்க?"

"பொதைச்ச இடம் ஒண்ணு தெரியும். ஆனா உம்மகிட்ட சொல்லமாட்டேன். மாஜிஸ்திரேட்டுகிட்டதான் சொல்லுவேன்."

இன்ஸ்பெக்டரின் மனம் குதித்தது. போலீஸிடம் கொடுக்கும் வாக்குமூலம் கோர்ட்டில் செல்லாது. அடித்து வாங்கிய வாக்குமூலங்களோடு போய் அவர் தலைகுனிந்த வழக்குகள் கொஞ்சநஞ்சமல்ல. இவளோ தானாகவே...!

"ராஜையா, ஜீப்பை எடும்!"

மாஜிஸ்திரேட் முதல் வேலையாகத் தாணுமாலயனை வெளியே நிற்கச் சொன்னார். கதவு சாத்தப்பட்டது.

"நீ சொல்றது உனக்கு எதிராவே சாட்சியாகும். தெரியுமா?"

"தெரியும் ஏமானே."

"யாராவது அடிச்சாங்களா? பயங்காட்டினாங்களா?"

"இல்ல. எனக்க இஷ்டத்துக்குத்தான் சொல்லுதேன். பொதைச்ச இடத்துக்கு நீங்களும் வரணும். நீங்க வந்தாதான் காட்டுவேன்."

மாஜிஸ்திரேட் அவளையே பார்த்தார். பிறகு கோட்டை எடுத்து மாட்டிக்கொண்டார்.

ஜீப் கிளம்பியது. பூங்கனி வழி சொன்னாள்.

"நேரா போவட்டும்."

தாணுமாலயன் மீசையைத் தடவிக்கொண்டார்.

"வட்டக்கோட்டைப் பாதையில திருப்பும்."

மீசையிலிருந்து கை இறங்கியது.

"கோட்டைக்குப் போவாண்டாம். வலத்த பக்கம்... அந்தப் பனங்காட்டுக்குள்ள."

அவர் முதுகில் வேர்வை வழிந்தது. கடற்காற்றில் பனையோலைகள் உரசின. அந்த உரசலுக்குள்ளிருந்து...

'தண்ணி... ஏமானே...'

"சார்!" தாணுமாலயன் அலறினார். "இவ பொய் சொல்லுதா! திரும்பிருவோம்!"

"என்ன இன்ஸ்பெக்டர்? இவ்வளவு தூரம் வந்தாச்சே!"

பூங்கனி இறங்கினாள். ஒற்றைப் பனை ஒன்றின் அடியில் போய் நின்றாள்.

"இங்கதான்."

ராஜையன் மண்வெட்டியை ஓங்கினார். மண் பொலபொலவென்று உதிர்ந்தது. ஒரு கந்தல் வேட்டி... அதற்கடியில் வெள்ளையாக ஏதோ...

எலும்பு!

இரண்டு மணிக்கட்டு எலும்புகள். அவற்றில் துருப்பிடித்த கைவிலங்கு!

ராஜையன் குனிந்து துருவைச் சுரண்டி, அதில் பொறித்திருந்த எண்ணைப் படித்தார்.

"ஏமானே... இது நம்ம ஸ்டேஷன் விலங்கு!"

"யார் இது?" மாஜிஸ்திரேட் குழியின் ஓரத்தில் குனிந்தார்.

"எனக்க அண்ணன், ஏசுஅடிமை." முதல்முறையாகப் பூங்கனியின் குரல் உடைந்தது. "போன வருஷம் கஞ்சாக் கேசுன்னு இவருதான் பிடிச்சிட்டுப் போனாரு. பெறகு தப்பி ஓடிட்டான்னு எழுதிட்டாரு. அண்ணன் எங்கயோ இருக்கான்னு நானும் நம்பினேன்."

"இந்த இடம் உனக்கு எப்படித் தெரியும்?"

"கருவாடு விக்கப் போவும்போ கண்டேன். இவரு தனியா வந்து, இந்த மண்ணுல செம்புத் தண்ணிய ஊத்திட்டு அழுதாரு. பனைக்கு ஆராவது தண்ணி ஊத்துவாவளா ஏமானே?"

"அப்பவே புகார் கொடுத்திருக்கலாமே!"

"குடுத்தேனே! மனுசனைக் காணல்லன்னு பெரிய ஆப்பீசு ஆப்பீசா மனு குடுத்தேன். ஒருத்தரும் மண்ணைத் தொடல்ல. பிடிபடணும்னே கஞ்சா கொண்டு வந்தேன். கஞ்சான்னு சொன்னேன்... மண்வெட்டியும் ஜீப்புமா ஓடி வந்திய!"



தாணுமாலயன் குழியின் ஓரத்துக்கு வந்தார்.

"ஒத்துக்கிடுவான்னுதான் அடிச்சேன்... தண்ணி கேட்டான். ஒத்துக்கிட்டா தாறேன்னு சொன்னேன். கடைசி வரைக்கும் அவன் ஒத்துக்கிடல்ல சார்... இப்பவும் கேக்கான்... இந்தா, இப்பவும் கேக்கான்!"

காதுகளைப் பொத்திக்கொண்டு மண்ணில் விழுந்தார்.

மாஜிஸ்திரேட் பூங்கனியின் பக்கம் திரும்பினார்.

"கஞ்சா வச்சிருந்ததுக்கு உனக்கும் தண்டனை உண்டும்மா. என்னால அதைத் தடுக்க முடியாது."

"இருக்கட்டும் ஏமானே."

அவள் கண்களைத் துடைத்துக்கொண்டு ஜீப்பைப் பார்த்தாள்.

"ஒரு வண்டிதானே நிக்கு? இன்ஸ்பெக்டர் ஏமானை எங்கூடப் பின்னால ஏறச் சொல்லுங்க. முன் சீட்டுல எனக்க அண்ணன் வருவான்!"