பிரஸ் இயந்திரமும் காணாமல் போன கோப்பும்

கதவைத் திறந்ததுமே யாரோ ஒருவன் கொழுந்தன் மேல் வந்து சாய்ந்தான். இடது காது பாதி கிழிந்து தொங்கியது. சட்டையெல்லாம் ரத்தம்.

"என்னை அடிச்சே கொன்னுடுவாங்க சார். துப்பறியுற மேடம் இருக்காங்களா?"

அண்ணன் மனைவி துப்பறிகிறவள் என்றால் கொழுந்தன் சும்மா இருப்பானா? உதவியாளன் என்று தனக்குத் தானே பட்டம் சூட்டிக்கொண்டு அவள் கூடவே திரிந்தான். அண்ணி வந்தவன் காதில் பஞ்சை வைத்து அழுத்தி, "முதல்லேர்ந்து சொல்லுங்க" என்றாள்.

அவன் இரும்புத் தகடு அழுத்தும் பட்டறையில் கம்ப்யூட்டர்காரன். காலையில் மற்றவர்கள் டீ குடிக்கப் போன நேரத்தில், சிக்கிய தகட்டை எடுக்கக் கண்காணிப்பாளர் பிரஸ்ஸுக்குள் குனிந்திருக்கிறார். பிரஸ் இறங்கிவிட்டது. தலை இருந்த இடத்தில் கூழ்தான் மிச்சம். கையோ தலையோ உள்ளே போனால் பிரஸ்ஸை நிறுத்தும் காவல் புரோகிராம் ஓடவில்லை. வேண்டிய நூலகக் கோப்பைக் காணோம் என்று திரையில் ஒரு வரி மட்டும் நின்றது.

"நூலகமா? புஸ்தகமா?" என்றான் கொழுந்தன்.

"இல்லை சார். பல புரோகிராமுக்கும் பொதுவான வேலையை ஒரே ஃபைல்ல வச்சிருப்பாங்க. கூட்டுக் குடும்பத்துக்கு ஒரே ஏணி மாதிரி. பழைய ஃபைல் ஒண்ணு யாருக்கும் வேண்டாம்னு நெனச்சு நேத்து சாயங்காலம் அழிச்சுட்டேன். காவல் புரோகிராம் அதைத்தான் நம்பி இருந்திருக்கு."

"அப்ப நீதான்யா கொன்னே!" என்று குதித்தான் கொழுந்தன். வந்தவன் தேம்பித் தேம்பி அழுதான். பாவமாகத்தான் இருந்தது.

மூவரும் பட்டறைக்குப் போனபோது பிணத்தை எடுத்துப் போயிருந்தார்கள். ரத்தம் தகட்டில் காய்ந்திருந்தது. இறந்தவரின் தம்பி கம்ப்யூட்டர்காரனைக் கண்டதும் கடப்பாரையை ஓங்கினான். தடுக்கப் போன கொழுந்தனுக்கு முழங்கை இடியில் பல் ஆடிவிட்டது.

மேனேஜர் பதறாமல் பேசினார். "நேத்து இவன் அழிச்சதுலேர்ந்தே காவல் செத்துக் கிடந்திருக்கு. நான் என் ரூம்ல இருந்தேன். அலறல் கேட்டுத்தான் ஓடி வந்தேன்."

"விடியக்காலம் என் சட்டைக் கை உள்ள மாட்டுச்சே?" என்றார் பிரஸ் ஓட்டுபவர். "டக்னு நின்னுது. இல்லைன்னா எனக்குக் கை இல்லை."

"வேகத்துக்காக மேனேஜர் காவலை நிறுத்துறார், ஒருத்தனுக்கு விரலே போச்சு, போலீசுக்குப் போறேன்னு எங்கண்ணன் சொன்னான்" என்று தம்பி கத்தினான். "அதுக்குள்ள இந்தப் பாவி கொன்னுட்டான்!"

அண்ணி கம்ப்யூட்டர்காரனைத் தனியே அழைத்தாள். "காவலை நிறுத்துற பாஸ்வேர்டு யார் யாருக்குத் தெரியும்?"

"எனக்கும் மேனேஜருக்கும்தான். அலறல் கேட்டப்போ நான் கேட்டுக்கு வெளியில, வாட்ச்மேன் பக்கத்துல நின்னேன்."

"அழிச்ச ஃபைலுக்கு நகல் இருக்கா?"

"இருக்கு. வச்சா மட்டும் பத்தாது மேடம். எங்க இருக்குன்னு சிஸ்டத்துல பதியவும் வேணும்."

"ரெண்டையும் செஞ்சு காவலை ஓட விடுங்க. யார்கிட்டயும் மூச்சு விடாதீங்க."

பிறகு எல்லோரையும் பிரஸ் முன்னால் நிறுத்தினாள். "ஃபைலைக் காணோம்ங்கிற வரி எப்ப வரும்?"

"தொடங்கும்போதுதான்" என்றான் கம்ப்யூட்டர்காரன். "ஏற்கெனவே ஓடிட்டிருந்தா, எடுத்ததை விடாது. அழிச்சாலும் நிறுத்துற வரைக்கும் ஓடும்."

"அதனாலதான் விடியக்காலம் இவர் கை தப்பிச்சுது. அதுக்கப்புறம் ஒருத்தர் காவலை நிறுத்தி, ஆளை நசுக்கி, ஒண்ணும் நடக்காத மாதிரி திரும்பத் தொடங்கப் பார்த்திருக்கார். ஃபைல் அழிஞ்சது அவருக்குத் தெரியாது. அந்த வரி வந்து நின்னுடுச்சு. பாஸ்வேர்டு தெரிஞ்ச ரெண்டு பேர்ல ஒருத்தர் கேட்டுக்கு வெளியில இருந்தார். மேனேஜர் சார், இன்னொருத்தர் நீங்க."

கொழுந்தன் வாயைப் பிளந்தான். அந்த இடைவெளி மேனேஜருக்குப் போதுமாக இருந்தது. பக்கத்தில் நின்ற கம்ப்யூட்டர்காரனின் கழுத்தைப் பிடித்துப் பிரஸ்ஸுக்குள் தள்ளி, "எல்லாம் உன்னாலடா!" என்று பிரஸ்ஸை இறக்கும் கால் மிதியை மிதித்தார்.

பிரஸ் இறங்கியது. கிழிந்த காதுக்கு ஒரு சாண் மேலே டக்கென்று நின்றது.

மேனேஜர் மறுபடி மறுபடி மிதித்தார். அசையவில்லை. தம்பியின் கடப்பாரை அவர் முழங்காலில் இறங்கியது. எலும்பு முறிந்த சத்தம் கேட்டது. இரண்டாவது அடி விழுவதற்குள் கொழுந்தன் ஓடிப் போய்த் தம்பியைக் கட்டிப்பிடித்துக்கொண்டான்.

தம்பி திமிறவில்லை. கடப்பாரையைக் கீழே போட்டுவிட்டு, கம்ப்யூட்டர்காரனைக் கையைப் பிடித்து வெளியே இழுத்தான். நின்றுபோன இரும்பையே பார்த்தான்.

"எங்கண்ணனுக்கும் இப்படி நின்னிருக்குமேடா" என்று கம்ப்யூட்டர்காரன் தோளிலேயே விழுந்து அழுதான்.