இரண்டாம் அறையின் மணி

மதியம் மூன்று மணிக்கே இருட்டிவிட்டது. நார்வேயின் வடகோடியில், ஜனவரியில், அப்படித்தான். மூடிக் கிடந்த பழைய காவல் நிலையத்தின் கதவைத் தூர்லைஃப் தோளால் முட்டித் திறந்தான். பதினெட்டு வருடம் அங்கே லாக்கப் காவலராக இருந்தவன். பின்னால் இங்குன், காலணியிலிருந்த பனியை உதறியபடி வந்தாள். போலீஸ்காரர்கள் செய்த குற்றங்களை விசாரிக்கும் தனிப்பிரிவின் அதிகாரி.

உள்ளே பினாயிலும் ஈரக் கம்பளியும் கலந்த நாற்றம்.

"கரன்ட் கிடையாது. ஃபியூஸப் புடுங்கி ஒரு வருஷமாச்சு," என்றான். "என்ன பாக்கணும் உங்களுக்கு? செவுத்தையா?"

"மணிய."

"அதான் எழுதிக் குடுத்துட்டேனே. அன்னிக்கு மணி ரிப்பேர். அவளும் குடிச்சிருந்தா."

"ரூனா நாப்பத்தோரு தடவ அழுத்தினேங்கிறா. குடிச்சவளுக்கு எண்ணிக்கை ஞாபகம் இருக்கு. குடிக்காத உங்களுக்குத்தான் எல்லாம் மறந்துபோச்சு."

மூன்று வருடத்துக்கு முன், தெருவில் கத்தினாள் என்று ரூனாவைப் பிடித்து வந்து இரண்டாம் அறையில் அடைத்தார்கள். எஸ்கில் என்ற போலீஸ்காரன் உள்ளே போய்க் கதவைச் சாத்தினான். தண்ணீர் கொடுக்கத்தான் போனேன் என்கிறான். கேமரா இல்லை. அன்று காவலிருந்த தூர்லைஃப் மணியைக் கேட்டானா என்ற ஒன்றில்தான் வழக்கே நின்றது.

"இன்னிக்கு அஞ்சு மணிக்கு ஃபைல மூடிடுவாங்க," என்றாள் இங்குன். "திங்கக்கிழம எஸ்கில் யூனிஃபார்ம் போட்டுட்டு வந்துருவான். சரி, இந்த மணி எப்படி வேலை செய்யும்? அதையாவது சொல்லுங்க."

அதைச் சொல்வதில் ஆபத்தில்லை என்று தூர்லைஃபுக்குத் தோன்றியது. சொன்னான்.

அறைக்குள் பொத்தானை அழுத்தினால், வெளியே கதவுக்கு மேல் சிவப்பு விளக்கு எரியும். காவலர் மேசையில் மணி அடிக்கும். மேசையில் உட்கார்ந்துகொண்டே அதை நிறுத்த முடியாது. எழுந்து நடந்துபோய், அந்தக் கதவின் பக்கத்தில் உள்ள திருகு விசையைத் திருப்ப வேண்டும். அப்போதுதான் விளக்கு அணையும், மணி நிற்கும். காவலரை நம்பாத எவனோ யோசித்துச் செய்த ஏற்பாடு.

அவன் சொல்லாமல் விட்டது ஒன்று உண்டு. மணியின் கிண்ணத்துக்கும் அதை அடிக்கும் சுத்தியலுக்கும் நடுவே காகிதத்தை மடித்துச் செருகினால் சத்தம் செத்துவிடும். காகிதத்துக்குள் மாட்டிய ஈ போல ஒரு முனகல்தான் வரும். நாற்காலியைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டால் விளக்கும் தெரியாது.

உர்ர்ர்.

தூர்லைஃப் திரும்பினான். மேசை இருந்த இடம் வெறுமை. மணியை எப்போதோ கழற்றிக் கொண்டுபோய்விட்டார்கள். சுவரில் நான்கு ஆணித் துளைகள்.

உர்ர்ர்.

துளைகளிலிருந்து வந்தது.

இரண்டாம் அறைக் கதவின் மேல் சிவப்பு விளக்கு எரிந்தது.

"நீங்களா... இது நீங்க பண்றதா?"

"நான் உங்க பக்கத்துலதான் நிக்கிறேன்." இங்குன் டார்ச்சை அந்த விளக்கின் மேல் அடித்தாள்.

"அவ... அவ செத்துட்டாளா?"

"இல்ல. இந்நேரம் மீன் ஃபேக்டரில ஷிஃப்ட்ல இருப்பா."

உர்ர்ர். உர்ர்ர். முனகலுக்கு மூச்சு முட்டியது.

"நிறுத்துங்க!"

"எப்படி நிறுத்தறதுன்னு நீங்கதான சொன்னீங்க?" அவள் குரல் பனியைவிடச் சில்லென்று இருந்தது. "எந்திரிச்சு நடக்கணும்."

பதினோரு எட்டு. அன்று நடக்காத பதினோரு எட்டு. நடந்தான். விசையைத் திருப்பினான்.

விளக்கு அணையவில்லை.

கதவுக்கு அந்தப் பக்கம், அவன் காதுக்கு நேராக, யாரோ மூச்சை அடக்கிக்கொண்டிருந்தார்கள்.

"மணி ரிப்பேர் இல்ல," என்றான் இரும்புக் கதவைப் பார்த்து. "நான்தான் காகிதத்தச் சொருகினேன். எஸ்கில் கண்ணக் காட்டினான், சொருகினேன். எல்லாத் தடவையும் எனக்குக் கேட்டுச்சு."

விளக்கு அணைந்தது.

இங்குன் கைப்பேசியில் பதிவு ஓடுகிறதா என்று பார்த்துக்கொண்டாள். "இதையே கோர்ட்லயும் சொல்லணும். உங்க மேலயும் கேஸ் வரும்."

"வரட்டும். முடிஞ்சுதுல்ல? போலாம்."

அவர்கள் திரும்பி நடந்தார்கள். தரையில் அவர்கள் நிழல் இரண்டும் முன்னால் விழுந்தன. நிழலைச் சுற்றித் தரை சிவந்திருந்தது.

நான்காம் அறையின் விளக்கு.

"ரூனா இருந்தது ரெண்டுலதான?" என்றாள் இங்குன் மெதுவாக. "நாலுல யாரு?"

தூர்லைஃபின் உதடு ஒரு பெயரை உருட்டியது.

அதற்குள் ஐந்தாம் விளக்கும் எரிந்தது.