செருமும் துருத்தி

நானூற்றுப் பன்னிரண்டு வெள்ளி. அவள் புருஷன் உலைமுதலாளிக்குப் பாக்கி வைத்துவிட்டு ஓடிப்போன தொகை. ஓடிப்போனான் என்று சொன்னவனும் முதலாளிதான். அந்தக் கடனுக்காகப் போன மழைக்காலத்திலிருந்து அவள் துருத்தி இழுக்கிறாள். கை காய்த்து, காய்ப்பு வெடித்து, வெடிப்பில் கரி ஏறி, உள்ளங்கை இப்போது துருத்தித் தோலாகவே ஆகிவிட்டது. கடன் மட்டும் ஒரு வெள்ளி குறையவில்லை. எல்லாம் வட்டிக்கே சரியாய்ப் போகிறதாம். வட்டி என்ன வயிறா, போட்டுக்கொண்டே இருக்க?

இன்று பகல் சாப்பாட்டுக்கு ஆட்கள் வெளியே போயிருந்தபோது துருத்தி செருமியது.

தோல் கிழிந்துவிட்டதோ என்று தடவிப் பார்த்தாள். கிழியவில்லை. மறுபடி அமுக்கினாள். உஸ்ஸென்று காற்று போய், முடிகிற இடத்தில் இரண்டு செருமல், ஒரு மூக்குறிஞ்சல்.

அவளுக்குத் தெரிந்த செருமல். பட்டறையில் அவள் புருஷனுக்குப் பெயரே ‘செருமல்’தான். பக்கத்தில் படுத்துக்கொண்டு இதே மாதிரி இரண்டு முறை செருமி ஒரு முறை மூக்கை உறிஞ்சுவான். “தொண்டையில தவளையா குடியிருக்கு?” என்று எத்தனை முறை உதைத்திருப்பாள்.

அந்த உலை ஊருக்கு முந்தியது. வானத்தில் இரண்டாவது நிலா வருவதற்கும் முந்தியது என்பார்கள். மலையைக் குடைந்து அதை மூட்டிவிட்டுப் போனவர்களின் முகத்தைக் கண்டவர் இல்லை. அதில் காய்ந்த வாளுக்குச் சாணை வேண்டாம், துரு ஏறாது. கோட்டைக்காரர்கள் மூட்டையில் பணம் கொண்டுவந்து கொட்டுவார்கள். நசுங்கிய நகத்தின் நிறத்தில் எரிகிற தீ, ஈர முடி கருகுகிற நாற்றம், கரிக்குவியலுக்குப் பின்னால் ஆளில்லாமலே அசைகிற நிழல்கள், இதெல்லாம் அவளுக்குப் பழகிப்போயிருந்தது. ஒரு கட்டுப்பாடும் பழகியிருந்தது. உலைக்கு முன்னால் ‘தீர்ந்தது’, ‘தீர்த்தேன்’, ‘தீந்துச்சு’ என்று எந்த வடிவிலும் அந்தச் சொல் வாயில் வரக்கூடாது. கரி காலியானால் ‘கரி நெறஞ்சுச்சு’. தண்ணீர் காலியானால் ‘தண்ணி நெறஞ்சுச்சு’. வீட்டில் அரிசிப்பானை காலியானாலும் அப்படித்தானே சொல்கிறோம் என்று அவள் அதைப் பெரிதாக நினைக்கவில்லை.

சாவிக்கொத்தைக் குலுக்கிக்கொண்டு முதலாளி உள்ளே வந்தான். தீக்குள் கோட்டைத் தலைவனின் வாள் காய்ந்துகொண்டிருந்தது.

“என்ன, கை ஓய்ஞ்சுபோச்சு?”

“துருத்தி சத்தம் போடுது மொதலாளி.”

“பழைய தோலு. கெழவன் மாதிரி மொனகத்தான் செய்யும்.” பல்லைக் குத்தியபடி சிரித்தான். “அது கெடக்கட்டும். உன் கடனுக்கு ஒரு வழி வேணும்ல? உலையைப் பாத்து வாய்விட்டுச் சொல்லு, என்ன பண்ணப்போறேன்னு. உன் வீட்டுக்காரன் அன்னைக்கு எவ்ளோ ரோசமாச் சொன்னான் தெரியுமா?”

“என்ன சொன்னாரு?”

“ஒழைச்சே...” நாக்கைக் கடித்துக்கொண்டான். “நீ சொல்லும்மா.”

ஒழைச்சே தீர்த்துடுறேன். அவன் விழுங்கியதை அவள் மனசுக்குள் முடித்தாள்.

மானமுள்ள எவனும் சொல்கிற வார்த்தை. சொல்ல வைத்து உலைக்குக் கொடுத்திருக்கிறான். அவள் கைக்கடியில் துருத்தி மெல்லக் காற்று விட்டது. அந்தக் காற்றுக்கு உதடு இருந்தது.

“சொல்லாத.”

புருஷன் ஓடிப்போகவில்லை. இத்தனை நாளும் இங்கேதான் இருந்திருக்கிறான். அமுக்கி அமுக்கி அவன் மூச்சைத் தீக்குள் தள்ளியது யார்? அவள்தான். இந்தக் கைதான்.

பயத்துக்கு மேலே கோபம் ஏறியது. அவள் பிடியை விட்டாள்.

தீ தாழ்ந்தது. வாளில் எங்கோ ‘டிக்’ என்றது.

“ஏய்! ஊது!”

“மாட்டேன்.”

“வாள் விரிசல் விட்டா என் தலை போயிடும்டி! ஊது!”

“கடன் இருக்கறவதானே ஊதணும்? இருக்கா, இல்லையா? அதைச் சொல்லுங்க மொதலாளி.”

துருத்திக்குள் மூச்சுத் திணறியது. நீரில் அமுக்கப்பட்டவன் மூச்சுக்கு இழுப்பது போல. அவள் பல்லைக் கடித்து நின்றாள். பொறுத்துக்கோய்யா. கொஞ்சம். இன்னும் கொஞ்சம்.

டிக்.

“சனியனே! தீந்துச்சு! உன் கடன் தீந்துச்சு போ! ஊ...”

அவன் வாய் திறந்தபடி நின்றது. கண்ணுக்குத்தான் முதலில் தெரிந்தது, என்ன சொல்லிவிட்டோம் என்று.

உலை திரும்பியது. மலையில் குடைந்த கல் உலை. கழுத்து இருப்பது போலத் திரும்பியது.

அலறல் இல்லை. வெளிச்சமும் இல்லை. ஈர முடி நாற்றம் மட்டும். சாவிக்கொத்து விழுந்தது. அவன் நின்ற இடத்தில் செருப்பு இருந்தது. செருப்பில் சூடு இருந்தது.

நானூற்றுப் பன்னிரண்டு வெள்ளி. தீர்ந்தது. மனசுக்குள்தான் சொல்லிக்கொண்டாள்.

கதவு திறந்துதான் கிடந்தது. வெளியே வெயில். அவள் ஓர் அடி வைத்தாள்.

பின்னால் திணறல். இரண்டு செருமல். மூக்குறிஞ்சல் வரவில்லை.

ஓடி வந்து பிடியை அமுக்கினாள். செருமல். மூக்குறிஞ்சல். அவன் மூச்சு. அப்பாடா. விட்டால் திணறினான். அமுக்கினால் பிழைத்தான். விட்டாள். திணறினான். அமுக்கினாள்.

பிடி வெதுவெதுப்பாக, விரல் கோத்த கைபோல, அவள் கைக்குள் அடங்கியது.

மறுபடி அமுக்கினாள். செருமலுக்குப் பின்னால், அதே மூச்சில், இன்னொரு தொண்டை முதலாளியின் குரலில் சிரித்தது.

“ஊதும்மா.”

அவள் ஊதினாள்.