ஜன்னலோரப் படம்

எங்கள் வீட்டுச் சண்டை எனக்குச் சுத்தமாகப் புரியவில்லை.

யார் வயலுக்கு முதலில் தண்ணீர் விடுவது என்று அப்பாவும் பெரியப்பாவும் சண்டை போட்டார்கள். இரண்டு வயலுக்கும் தண்ணீர் பாய்ந்து, பயிரும் வளர்ந்துவிட்டது. பேச்சுவார்த்தை மட்டும் இல்லை.

"வாலு, மோட்டாரை நிறுத்தச் சொல்லு உங்க பெரியப்பாவை" என்பார் அப்பா.

"நிறுத்தியாச்சுன்னு சொல்லு உங்கப்பாகிட்ட" என்பார், பக்கத்திலேயே நிற்கும் பெரியப்பா.

இருவருக்கும் காது நன்றாகத்தான் கேட்கும்!

மாட்டிக்கொண்டது நான். பெரியப்பா மகளின் சைக்கிளில் பின்னால் உட்கார்ந்துதான் பள்ளிக்குப் போவேன். இப்போது அதற்குத் தடை. அக்கா மணி அடிக்காமலே என்னைக் கடந்து போவாள். எனக்கு அழுகையாக வரும்.

ஞாயிறு மதியம் டிவியில் ஒரு பழைய படம். அதிலும் அண்ணன் தம்பிச் சண்டை! வயல், வரப்பு, அரிவாள், அழுகை எல்லாம் இருந்தன.

பெரியப்பா வீட்டு டிவி ரிப்பேர். அவர் எங்கள் ஜன்னலுக்கு வெளியே ஆட்டைக் கட்டினார். அவிழ்த்தார். மறுபடியும் கட்டினார், அவிழ்த்தார். கண் மட்டும் டிவியில் இருந்தது.

அப்பா எழுந்தார். போச்சு, திட்டப்போகிறார் என்று நினைத்தேன். அவரோ டிவியை ஜன்னல் பக்கம் திருப்பி, சத்தத்தையும் கூட்டினார்.

எனக்குத் தலை சுற்றியது. "அப்பா, நாம பெரியப்பா மேல கோபமா இருக்கோமா, இல்லையா?"

"இருக்கோம். பேசாம படத்தைப் பாரு."

"படத்துல நீங்க யாரு மாதிரி?"

"எல்லாத்தையும் விட்டுக்கொடுக்கிறானே, அந்த நல்லவன் மாதிரி."

ஜன்னலுக்கு ஓடினேன். "பெரியப்பா, நீங்க?"

"நானும் அந்த நல்லவன்தான்."

"அப்போ கெட்டவன் யாரு?"

அப்பா டிவியைப் பார்த்தார், பெரியப்பா ஆட்டைப் பார்த்தார். ஆடு மட்டும் "மே" என்றது.

கடைசிக் காட்சி வந்தது. எனக்கு ஒரு யோசனை. ஜன்னலைப் படாரென்று சாத்தினேன்.

"ஏய்!" உள்ளேயும் வெளியேயும் ஒரே நேரத்தில் குரல் கேட்டது.

"பெரியப்பா பாத்துக்கிட்டிருக்காரு, தெரியல?" என்றார் அப்பா.

"தெரியுமே!" என்று வாசல் கதவை விரியத் திறந்தேன்.

பெரியப்பா தயங்கினார். அப்பா பெஞ்சில் நகர்ந்து இடம் விட்டார். பெரியப்பா மெதுவாக வந்து உட்கார்ந்து, தொண்டையைக் கனைத்தார். என்ன சொல்லச் சொல்வாரோ என்று நான் தயாராக நின்றேன்.

"சத்தத்தைக் கொஞ்சம் கூட்டி வைடா தம்பி."

"சரிண்ணா."

என்னை யாரும் கண்டுகொள்ளவே இல்லை!

கட்டாமல் விட்ட ஆடு அன்று எங்கள் பயிரை மேய்ந்துவிட்டது. அதற்கு ஏன் யாரும் சண்டை போடவில்லை என்பதும் எனக்குப் புரியவில்லை.

மறுநாள் காலை வாசலில் சைக்கிள் மணி அடித்தது. பையோடு ஓடிப்போய்ப் பின்னால் ஏறிக்கொண்டேன்.